உயரத்தில் நிற்கும் ரயில் நிலையமும் அதன் காலடியும்: வாசகர் கேள்வி – பதில்

தூண்களின் மேல் அமைந்த நகர ரயில் நிலையங்களைப் பற்றியும், அவற்றை ஒட்டி வாழ்வோர் படும் சிரமங்களைப் பற்றியும் வாசகர்கள் அனுப்பிய கேள்விகளில் சிலவற்றுக்கு இந்த இதழில் பதில் எழுதியிருக்கிறேன். ஒரே பொருளைப் பலர் கேட்டிருந்தால் அவற்றை ஒரே கேள்வியாகச் சேர்த்துக்கொண்டேன்.

கேள்வி: பூமிக்கடியில் சுரங்கம் தோண்டி ரயில் விடும் அளவுக்குத் தொழில்நுட்பம் வளர்ந்த பிறகும், நகரங்கள் ஏன் இன்னும் தூண்களை நட்டு ரயிலை மேலே ஓட்டுகின்றன?

பதில்: முதற் காரணம் பணம். மண்ணின் தன்மையையும் நிலத்தடி நீரையும் பொறுத்துக் கணக்கு மாறினாலும், ஒரே தொலைவுக்குச் சுரங்கப் பாதை அமைக்க ஆகும் செலவில் பாதியிலோ அதற்கும் குறைவாகவோ மேம்பாலப் பாதையை அமைத்துவிட முடிகிறது. பாலத்துக்கான கான்கிரீட் துண்டுகளை வேறோர் இடத்தில் வார்த்துக் கொண்டுவந்து, இரவு நேரத்தில் தூக்கிப் பொருத்திவிடலாம் என்பதால் காலமும் மிச்சமாகிறது. காற்றோட்டத்துக்கும் வெளிச்சத்துக்கும் நாள் முழுவதும் இயந்திரங்களை நம்பியிருக்க வேண்டியதில்லை என்பதால் நடத்தும் செலவும் குறைகிறது.

இந்த எண்ணம் புதியதும் அன்று. நியூயார்க்கின் கிரீனிச் தெருவில் சார்லஸ் ஹார்வி என்பவர் 1868-இல் ஒற்றைத் தூண் வரிசையின் மேல் கம்பி வடத்தால் இழுக்கப்படும் வண்டியை ஓட்டிக் காட்டினார். பெர்லின் நகரின் செங்கல் வளைவுப் பாதை 1882-இலும், சிகாகோவின் முதல் மேம்பாலப் பாதை 1892-இலும் திறக்கப்பட்டன. இந்தியாவில் சென்னைக் கடற்கரையிலிருந்து சேப்பாக்கம் வரை 1995-இல் தொடங்கிய பறக்கும் ரயில் இந்த வகையில் முன்னோடி. டெல்லி மெட்ரோவும் 2002 டிசம்பரில் ஷாதராவுக்கும் தீஸ் ஹசாரிக்கும் இடையே முதன்முதலில் ஓடியபோது சுரங்கத்தில் ஓடவில்லை; தரையிலும் தூண்களின் மேலுமாகத்தான் ஓடியது.

பணம் மிச்சமாகிறது என்று சொல்லும்போது யாருடைய பணம் என்ற கேள்வியையும் கேட்க வேண்டும். சுரங்கம் தோண்டாமல் மிச்சப்படுத்திய தொகையின் ஒரு பகுதியைத் தெருவில் வசிப்பவர்கள் இரைச்சலாகவும் நிழலாகவும் சுமக்கிறார்கள். அது எந்தத் திட்ட மதிப்பீட்டிலும் செலவாகக் காட்டப்படுவதில்லை. கீழே வரும் கேள்விகளில் பலவும் இந்தக் கணக்கில் வராத செலவைப் பற்றியவைதாம்.

கேள்வி: நடைமேடையை அடைய இரண்டு மாடிக்கு மேல் ஏற வேண்டியிருக்கிறதே, ஒரே தளமாக, தாழ்வாகக் கட்ட முடியாதா?

பதில்: நிலையத்தின் உயரத்தைப் பெரும்பாலும் கீழே இருக்கும் சாலைதான் தீர்மானிக்கிறது. நகரச் சாலைகளில் உயரமான சரக்கு வண்டிகள் தடையின்றிச் செல்ல இந்தியாவில் சுமார் 5.5 மீட்டர் இடைவெளியைக் காலியாக விட வேண்டும். அதற்கு மேல் உத்திரத்தின் கனம் சேரும்போது முதல் தளத்தின் தரை ஏறத்தாழ 7 மீட்டர் உயரத்துக்குப் போய்விடுகிறது. பயணச்சீட்டு வழங்கும் இடமும், நுழைவுக் கதவுகளும், சமிக்ஞைக் கருவிகள் உள்ள அறைகளும் இந்தத் தளத்தில் அமைகின்றன. அதற்கு மேல் இன்னொரு 5 அல்லது 6 மீட்டர் ஏறினால்தான் நடைமேடை. ஆக, சாலையிலிருந்து சுமார் 13 மீட்டர். ஒரு படியின் உயரம் 15 சென்டிமீட்டர் என்று வைத்துக்கொண்டால் 85 படிகளுக்கு மேல்.

பயணச்சீட்டுத் தளத்தை இடையில் வைக்காமல் தரையிலேயே அமைத்தால் இந்த ஏற்றத்தில் பெரும்பகுதி குறைந்துவிடும். சிகாகோவின் பழைய நிலையங்கள் சிலவற்றில் சாலையோரக் கட்டடத்தில் சீட்டு வாங்கிக்கொண்டு நேராக ஒரே படிக்கட்டில் நடைமேடைக்கு ஏறிவிடலாம். ஆனால் அப்படிச் செய்யச் சாலையோரத்தில் நிலம் வேண்டும். நிலம் வாங்குவது செலவும் வழக்கும் நிறைந்த வேலை என்பதால், சாலையின் நடுத்திட்டுக்கு மேலேயே எல்லாவற்றையும் அடுக்கிவிடுகிறார்கள். இடையிலுள்ள தளத்தால் ஒரு நன்மையும் உண்டு. நுழைவுக் கதவுகளுக்கு வெளியே உள்ள பகுதியைப் பயணச்சீட்டு இல்லாதவர்களுக்கும் திறந்துவிட்டால், சாலையின் இரு பக்கங்களையும் இணைக்கும் நடைமேம்பாலமாக அது பயன்படும். அந்தப் பகுதியை ரயில் ஓடாத நேரங்களிலும் திறந்து வைப்பதா, பூட்டுவதா என்பதில்தான் நிர்வாகத்தின் மனப்போக்கு தெரிந்துவிடும்.

படிக்கட்டுகளின் அகலத்துக்கும் ஒரு கணக்கு உண்டு. பல நாடுகளில் பின்பற்றப்படும் அமெரிக்கத் தீத்தடுப்புத் தரவிதியின்படி, ஆபத்து நேர்ந்தால் நடைமேடையில் இருப்போர் அனைவரும் 4 நிமிடங்களுக்குள் அங்கிருந்து வெளியேறவும், 6 நிமிடங்களுக்குள் பாதுகாப்பான இடத்தை அடையவும் வழி இருக்க வேண்டும். காலை நெரிசலில் வெறுமையாகத் தோன்றும் அகலமான படிக்கட்டு ஒன்றைப் பார்த்து வீண் என்று எண்ணிவிட வேண்டாம்; அது அந்த நாலு நிமிடத்துக்காகக் கட்டப்பட்டது.

கேள்வி: என் தாயார் சக்கர நாற்காலியில் செல்பவர். நிலையத்தில் இருக்கும் ஒரே லிஃப்ட் பழுதானால் என்ன செய்வது? சாய்தளம் கட்டச் சொல்லிக் கேட்கலாமா?

பதில்: சாய்தளம் கேட்பது நியாயமே என்றாலும் இந்த உயரத்துக்கு அது பயன்படாது. சக்கர நாற்காலிக்கு ஏற்ற சாய்தளத்தில் 1 மீட்டர் உயர 12 மீட்டர் நீளம் வேண்டும். 13 மீட்டர் உயரத்துக்கு 156 மீட்டர். இடையிடையே இளைப்பாறுவதற்கான சமதளங்களையும் சேர்த்தால் அது நடைமேடையின் நீளத்தையே மிஞ்சிவிடும். அவ்வளவு தூரம் நாற்காலியைத் தள்ளிச் செல்வது தள்ளுபவருக்கும் ஆபத்து, அமர்ந்திருப்பவருக்கும் ஆபத்து. எனவே கேட்க வேண்டியது இரண்டாவது லிஃப்ட். ஒரே ஒரு லிஃப்ட் உள்ள நிலையத்தில் அது நின்றுபோனால், உங்கள் தாயாரைப் பொறுத்தவரை அன்று அந்த நிலையமே இல்லை. சாலையிலிருந்து முதல் தளத்துக்கு இரண்டு லிஃப்ட், எதிரெதிர்ப் பக்கங்களில் இருக்க வேண்டும் என்று கேளுங்கள். பழுதான செய்தி அந்த லிஃப்டின் கதவில் மட்டும் ஒட்டப்படாமல், ரயில் புறப்படும் நிலையத்திலேயே அறிவிக்கப்பட வேண்டும் என்றும் கேளுங்கள். மேலே ஏறிவந்த பிறகு கிடைக்கும் அந்தச் செய்தியால் யாருக்கும் பயனில்லை.

முதலில் கட்டாமல் விட்டதைப் பிறகு சேர்ப்பது எவ்வளவு கடினம் என்பதற்கு நியூயார்க் சான்று. அங்குள்ள நிலையங்களில் 95 விழுக்காட்டை மாற்றுத்திறனாளிகள் பயன்படுத்தத் தக்கவையாக மாற்றுவதாக நிர்வாகம் 2022-இல் நடந்த சமரசத்தில் ஒப்புக்கொண்டது. அதற்குக் கேட்ட கெடு 2055 வரை. இன்று இளைஞராக இருப்பவர் முதியவராகும் காலம் அது.

இதனோடு சேர்த்து இன்னொன்றையும் கவனிக்க வேண்டும். பார்வையற்றோர் காலாலும் கோலாலும் உணர்ந்து நடப்பதற்கான மேடுள்ள மஞ்சள் ஓடுகளை ஜப்பானியரான செய்ச்சி மியாக்கே 1965-இல் உருவாக்கினார். ஒக்காயாமா நகரில் 1967-இல் அவை முதன்முதலாகப் பதிக்கப்பட்டன. இன்று புதிய நிலையங்கள் பலவற்றில் அந்த ஓடுகள் நடைமேடையிலிருந்து படிக்கட்டு வரை ஒழுங்காக வருகின்றன. நிலையத்தின் வாசலில் நின்றுவிடுகின்றன. அதற்கு அப்பால் பேருந்து நிறுத்தம் வரையுள்ள நடைபாதை வேறொரு துறைக்குச் சொந்தம் என்பதே காரணம். கோலைத் தட்டிக்கொண்டு வருபவருக்கு எந்தத் துறையின் எல்லை எங்கே முடிகிறது என்பது எப்படித் தெரியும்?

கேள்வி: மூன்றாவது மாடியில் குடியிருக்கிறோம், சன்னலுக்கு நேராக ரயில் போகிறது. இரைச்சலைக் குறைக்க வழி உண்டா? நிலையத்தை ஒட்டிய வீடுகளில் இரைச்சல் குறைவாக இருக்கும் என்று சொல்கிறார்களே, உண்மையா?

பதில்: ஓரளவு உண்மை. நகர ரயிலின் இரைச்சலில் பெரும்பகுதி எஞ்சினிலிருந்து வருவதில்லை. சக்கரம் தண்டவாளத்தின் மீது உருள்வதால் வருகிறது. ரயிலின் வேகம் இரட்டிப்பானால் இந்த உருளும் ஓசை சுமார் 9 டெசிபல் கூடும். காதுக்கு அது ஏறத்தாழ இருமடங்காகத் தோன்றும். நிலையத்தை நெருங்கும்போது ரயில் மெதுவாகிவிடுவதால் அங்கே இந்த ஓசை அடங்குகிறது. ஆனால் பிரேக் கிறீச்சிடுவதும், கதவு மூடும் மணியும், ஒலிபெருக்கி அறிவிப்பும் அந்த இடத்தை நிரப்பிவிடுகின்றன. அறிவிப்பின் ஒலியை இரவு பத்து மணிக்குப் பிறகு தானாகவே தணிக்கும் ஏற்பாடு மிக எளிதானது. அதற்குச் செலவே இல்லை. உங்கள் முதற் கோரிக்கை அதுவாக இருக்கட்டும்.

பாதை எதனால் ஆனது என்பதும் முக்கியம். பழைய நகரங்களின் இரும்புப் பாலங்களில் ரயில் போகும்போது உத்திரங்களே அதிர்ந்து ஒலிக்கின்றன. கான்கிரீட் பாலத்தில் அந்த அதிர்வு குறைவு. தண்டவாளத்துக்கும் கான்கிரீட்டுக்கும் இடையே ரப்பர் திண்டுகளை வைத்தால் இன்னும் குறையும். தண்டவாளங்களை நீளமாகப் பற்றவைத்து இணைப்பதால் முன்பு கேட்ட தடக் தடக் ஓசை போய்விட்டது. ஆனால் நாளாக ஆகத் தண்டவாளத்தின் மேற்பரப்பில் கண்ணுக்கு எளிதில் தெரியாத அலை அலையான தேய்மானம் உண்டாகும். அப்போது இரைச்சல் கூடும். புதிதாகக் குடிவந்தபோது இல்லாத சத்தம் இப்போது எங்கிருந்து வந்தது என்று பலர் எழுதியிருக்கிறார்கள். பெரும்பாலும் இந்தத் தேய்மானமே அதற்குக் காரணம். தண்டவாளத்தைத் தேய்த்துச் சமன்படுத்தும் வண்டியைக் கொண்டு அதைச் சரிசெய்ய முடியும். எனவே புகார் எழுதும்போது “சத்தமாக இருக்கிறது” என்று மட்டும் எழுதாமல், எந்த இடத்தில், எந்தத் திசையில் செல்லும் ரயிலுக்கு, எப்போதிலிருந்து கூடியது என்று குறிப்பிட்டு எழுதுங்கள். வளைவில் மட்டும் கூர்மையாகக் கிறீச்சிடுகிறது என்றால் அது வேறு நோய். அங்கே தண்டவாளத்தின் ஓரத்துக்கு மசகு இட வேண்டும்.

பாதையின் ஓரத்தில் தடுப்புச் சுவர் எழுப்பக் கேட்கலாமா என்றும் சிலர் வினவியிருக்கிறார்கள். தடுப்புச் சுவர் ஒலிக்கும் காதுக்கும் இடையே நேராகக் குறுக்கிட்டால்தான் பயன் தரும். இடுப்பளவுச் சுவர் தரைத்தளத்தாருக்கும் முதல் மாடிக்காரருக்கும் நன்கு உதவும். தண்டவாளத்துக்கு இணையான உயரத்தில் இருப்பவருக்குச் சிறிது உதவும். அதற்கு மேல் வசிப்பவருக்குச் சக்கரம் கண்ணில் படுகிறது என்றால் ஓசையும் காதில் விழும். உங்கள் மூன்றாம் மாடிக்கு, சுவருடன் சன்னலில் இரட்டைக் கண்ணாடியும் தேவைப்படலாம். அந்தச் செலவைத் திட்டமே ஏற்க வேண்டும் என்பது என் உறுதியான கருத்து.

கேள்வி: நிலையம் வந்தபின் எங்கள் வீட்டுக்கு வெயிலே இல்லை, நடைமேடையில் நிற்பவர்கள் எங்கள் அறைக்குள் பார்க்கிறார்கள். இதற்கெல்லாம் சட்டம் ஏதேனும் உண்டா?

பதில்: ஒவ்வொரு நாட்டிலும் சட்டம் வேறு. ஆனால் இந்தக் கேள்வியை ஒரு நீதிமன்றம் மிக முன்பே எடுத்துக்கொண்டு பதில் சொல்லியிருக்கிறது. நியூயார்க்கில் மேம்பால ரயில் தெருவுக்குள் நுழைந்தபோது, தெருவோரச் சொத்துக்காரர் ஒருவர் வழக்குத் தொடுத்தார். தெரு நகரத்துக்குச் சொந்தம், உங்கள் மனையில் ஓர் அங்குலத்தையும் நாங்கள் தொடவில்லை என்பது ரயில் நிறுவனத்தின் வாதம். அந்த மாநிலத்தின் மேல்முறையீட்டு நீதிமன்றம் 1882-இல் அந்த வாதத்தை ஏற்கவில்லை. தெருவோரத்தில் மனை வைத்திருப்பவருக்கு அந்தத் தெருவிலிருந்து வெளிச்சமும் காற்றும் போக்குவரத்து வழியும் பெறும் உரிமை உண்டு, அதுவும் சொத்துதான், அதைப் பறித்தால் இழப்பீடு தர வேண்டும் என்று தீர்ப்பளித்தது. நீராவி எஞ்சின்களிலிருந்து எண்ணெயும் நெருப்புத் துணுக்கும் நடப்பவர் தலையில் விழுந்துகொண்டிருந்த காலம் அது. இன்று எண்ணெய் சொட்டுவதில்லை. ஆனால் நிலத்தைத் தொடாமலும் ஒரு வீட்டிலிருந்து எதையோ எடுத்துக்கொள்ள முடியும் என்று அந்தத் தீர்ப்பு கண்டுகொண்டது இன்றைக்கும் பொருந்துகிறது.

நிழலைப் பொறுத்தவரை பாதையின் திசையைப் பாருங்கள். வடக்கு தெற்காகச் செல்லும் பாதையின் நிழல் காலையில் ஒரு பக்கமும் மாலையில் மறுபக்கமும் விழுவதால் இரு பக்கத்தாருக்கும் பாதி நாள் வெயில் கிடைக்கும். கிழக்கு மேற்காகச் செல்லும் பாதையில் நிழல் ஒரே பக்கத்தில் நெடுநேரம் தங்கும்; வெப்பமண்டலத்துக்கு வடக்கே உள்ள நகரங்களில் வடபுற வீடுகள் குளிர்காலம் முழுவதும் அதில் மூழ்கிவிடும். நடைமேடையிலிருந்து எட்டிப் பார்ப்பதைத் தடுக்க, நிற்பவரின் கண் உயரம் வரை ஒளி ஊடுருவும், ஆனால் உருவம் தெரியாத கண்ணாடிப் பலகைகளைப் பொருத்தினால் போதும். வெளிச்சம் மறையாது, மானமும் காக்கப்படும்.

கேள்வி: நிலையத்துக்கு அடியில் இவ்வளவு இடம் வீணாகக் கிடக்கிறதே, அதை என்ன செய்யலாம்?

பதில்: இன்றைய கேள்விகளில் எனக்கு மிகவும் நெருக்கமானது இதுதான். முதலில் எவ்வளவு இடம் என்று பார்ப்போம். 22 மீட்டர் நீளமுள்ள 6 பெட்டிகள் கொண்ட ரயிலுக்கு நடைமேடை சுமார் 140 மீட்டர் நீளம் வேண்டும். இரு தண்டவாளமும் இரு பக்க நடைமேடையும் சேர்ந்து 20 மீட்டர் அகலம் என்று கொண்டால், நிலையம் மூடும் தரை 2,800 சதுர மீட்டர், அதாவது முக்கால் ஏக்கருக்குச் சற்றே குறைவு. நகரத்தின் நெரிசல் மிகுந்த பகுதியில், வெயிலும் மழையும் படாத முக்கால் ஏக்கர்.

இந்த இடத்தின் மேல் ஆசை வைத்தவர்கள் ரயில் தோன்றிய காலத்திலேயே இருந்தார்கள். லண்டன் பாலத்திலிருந்து கிரீனிச் செல்ல 1836-இல் தொடங்கிய பாதை 878 செங்கல் வளைவுகளின் மேல் அமைந்தது. அந்த வளைவுகளை வீடுகளாக வாடகைக்கு விட்டுப் பணம் பார்க்கலாம் என்று உரிமையாளர்கள் எண்ணினார்கள். மேலே ரயில் ஓட, கீழே நீர் ஒழுக, யார் குடியிருப்பார்? அந்த எண்ணம் ஈடேறவில்லை. லண்டனின் ரயில் வளைவுகள் பின்னர் பட்டறைகளாகவும் கிடங்குகளாகவும் உயிர்பெற்றன. பெர்லினில் வளைவுகளுக்குள் உணவகங்களும் புத்தகக் கடைகளும் நிலைத்தன. டோக்கியோவின் யூராக்குச்சோ நிலையத்தைச் சுற்றியுள்ள செங்கல் வளைவுகளுக்குள் சிறு உணவுக் கடைகள் நெருக்கியடித்து நிற்கின்றன; அண்மைக் காலத்தில் நாக்காமெகுரோ நிலையத்தின் அடியில் உள்ள நீண்ட இடத்தையும் 2016-இல் கடைவீதியாக்கினார்கள். பாரிஸில் ஆறாம் எண் மெட்ரோப் பாதை கிரெனெல் புல்வார் என்னும் அகன்ற சாலையின் மேலே தூண்களில் செல்கிறது. அதன் அடியில் காய்கறிச் சந்தை கூடுகிறது. மியாமியில் மெட்ரோ ரயிலின் அடியில் 16 கிலோமீட்டர் நீளத்துக்கு நடைபாதையும் மிதிவண்டிப் பாதையும் பூங்காவும் அமைக்கும் பணியின் முதற்பகுதி 2021-இல் திறக்கப்பட்டது.

இவற்றில் எனக்கு மிகவும் பிடித்த எடுத்துக்காட்டு யாரும் திட்டமிடாதது. லிவர்பூல் துறைமுகத்தை ஒட்டி 1893-இல் திறக்கப்பட்ட மேம்பால ரயில்தான் உலகில் மின்சாரத்தால் ஓடிய முதல் மேம்பால ரயில். துறைமுகத் தொழிலாளர்கள் மழையில் அதன் அடியிலேயே நடந்து வேலைக்குப் போனதால், அதைத் தங்கள் குடை என்றே அழைத்தார்கள். இரும்புத் தளம் அரித்துப்போய், பழுதுபார்க்கப் பணமில்லாமல் 1956-இல் அது மூடப்பட்டது. ரயிலில் ஏறாதவர்களும் அதை இழந்தார்கள்.

இதற்கு நேர்மாறான அனுபவம் சென்னையின் பறக்கும் ரயில் நிலையங்களில் கிடைத்தது. உயர்ந்த கூரையும் அகன்ற கூடங்களும் பல தளங்களும் கொண்ட பெரிய கட்டடங்களாக அவை எழுப்பப்பட்டன. வணிக இடமாகும் என்று எதிர்பார்த்த தளங்கள் பல நெடுங்காலம் காலியாகவே கிடந்தன. காலி இடம் காலியாகவே இருந்துவிடாது. இருள் சேரும், குப்பை சேரும், அஞ்சி ஒதுங்குவோர் பெருகுவர், அதனால் இன்னும் காலியாகும். பெர்லினிலும் டோக்கியோவிலும் வெற்றி பெற்ற இடங்களைக் கவனித்தால் அவை சிறியவை என்பது புரியும்: ஒரு வளைவுக்கு ஒரு கடை, கடையின் கதவு நேராகத் தெருவைப் பார்த்திருக்கிறது, உள்ளே போய்ப் பார்க்க வேண்டியதில்லை. மாடியேறிச் சென்று கண்டுபிடிக்க வேண்டிய பெரிய கூடத்துக்கு வழிப்போக்கர் வரமாட்டார்.

எல்லா இடத்தையும் கடைக்கே கொடுத்துவிடவும் கூடாது. பேருந்துக்குக் காத்திருப்போர் உட்கார ஓர் இருக்கை வரிசை, மிதிவண்டி நிறுத்த இடம், குடிநீர், கழிப்பறை ஆகியவை முதலில் அமைய வேண்டும். தெருவோர வணிகர்கள் அங்கே முன்பிருந்தே இருந்தால் அவர்களுக்கு அளந்து இடம் கொடுத்து அமர்த்துங்கள்; விரட்டாதீர்கள். செடி வளர்க்க விரும்புவோருக்கு ஒரு சொல்: அங்கே மழை விழாது. நிழலில் வளரும் செடியாக இருந்தால் மட்டும் போதாது, தினமும் நீர் ஊற்ற ஆளும் வேண்டும். திறப்பு விழாவுக்கு நட்ட செடிகள் ஆறு மாதத்தில் சருகாவதற்குக் காரணம் இதுவே.

கேள்வி: சில நகரங்களில் ஆற்றின் மேலும் கால்வாயின் மேலும் நிலையம் கட்டியிருக்கிறார்களே, ஏன்?

பதில்: அங்கே வீடு இல்லை, நிலம் எடுக்க வேண்டியதில்லை. ஜெர்மனியின் வுப்பர்டால் நகரம் குறுகிய பள்ளத்தாக்கில் இருப்பதால், 1901-இல் திறக்கப்பட்ட அதன் தொங்கு ரயில் 13.3 கிலோமீட்டரில் சுமார் 10 கிலோமீட்டரை வுப்பர் ஆற்றின் மேலேயே கடக்கிறது. அங்கே சாய்ந்த இரும்புக் கால்கள் இரு கரைகளிலும் ஊன்றியிருக்கின்றன. ஆறு கீழே தடையின்றி ஓடுகிறது. சென்னையில் பறக்கும் ரயிலின் தூண்களையும் நிலையங்களையும் பக்கிங்காம் கால்வாய்க்குள்ளேயே பல இடங்களில் இறக்கிவிட்டதால் கால்வாயின் அகலம் குறுகியது. வெள்ளநீர் வடியும் வழியும் அதனால் சுருங்கியது. நீர்நிலையை ஆளில்லாத நிலம் என்று கருதிய பிழை அது.

கேள்வி: இரவு கடைசி ரயிலில் இறங்கி நடக்கும்போது நிலையத்தின் அடிப்பகுதி அச்சமூட்டுகிறது. விளக்குகள் இருந்தும் ஏன் இப்படி?

பதில்: விளக்கு எத்தனை என்பதைவிட எப்படிப் பரவியிருக்கிறது என்பதே முக்கியம். தூணுக்குத் தூண் கண்ணைக் கூசவைக்கும் விளக்கும் நடுவில் இருளும் இருந்தால், கண் இருளுக்குப் பழகவே முடியாது. தூணின் பின்னால் யார் நிற்கிறார்கள் என்பது தெரியாது. மிதமான ஒளி சீராகப் பரவி, எதிரே வருபவரின் முகம் சில அடிகளுக்கு முன்பே தெரிய வேண்டும். படிக்கட்டுக்கு அடியில் உள்ள முக்கோண மூலையை அடைத்துவிட வேண்டும் அல்லது காவலர் அறையாக்க வேண்டும். லிஃப்டின் சுவர்கள் கண்ணாடியாக இருக்க வேண்டும். எல்லாவற்றையும்விட, கடைசி ரயில் வரும் வரை ஒரு வாசலாவது ஆள் நடமாட்டம் உள்ளதாக இருக்க வேண்டும். நான்கு வாசல்களையும் திறந்துவைத்து ஆட்களைச் சிதறவிடுவதைவிட, இரவு ஒன்பது மணிக்குப் பிறகு இரண்டு வாசல்களை மூடி, மீதி இரண்டின் எதிரே ஆட்டோ நிறுத்தத்தையும் பேருந்து நிறுத்தத்தையும் அமைப்பது மேல். தேநீர்க் கடை ஒன்று அங்கே திறந்திருந்தால் கண்காணிப்புக் கேமராவைவிட அதிக தைரியம் தரும்.

கேள்வி: மழை நின்ற பிறகும் பாலத்திலிருந்து நீர் சொட்டுகிறது. புறாக்களின் எச்சம் வேறு. இது கட்டுமானக் குறையா?

பதில்: பாலத்தின் துண்டுகள் சேரும் இடங்களில் வெப்பத்தில் விரிந்து சுருங்க ஓர் இடைவெளி விடப்படும். அந்த இடைவெளியை மூடியிருக்கும் ரப்பர் பட்டை கிழிந்தால் நீர் சொட்டும். பட்டையை மாற்றினால் நின்றுவிடும். மேலே விழும் மழைநீர் தூணோடு சேர்ந்த குழாய் வழியாக இறங்கி வடிகாலிலோ மழைநீர்ச் சேகரிப்புக் குழியிலோ சேர வேண்டும். குழாயின் வாய் நடைபாதையை நோக்கித் திறந்திருந்தால் ஒவ்வொரு தூணடியிலும் குட்டை நிற்கும். அடுத்த மழையில் தூணின் அடியைக் கவனியுங்கள். புறாக்கள் தூணின் தலைக்கும் உத்திரத்துக்கும் இடையே உள்ள திண்டுகளின் மேல் கூடு கட்டுகின்றன. அங்கே வலை கட்டுவதே வழி.

கேள்வி: நிலையம் வந்தால் நில மதிப்பு கூடும் என்கிறார்கள், மதிப்பு குறைந்ததாகவும் கேள்விப்படுகிறேன். எது சரி?

பதில்: இரண்டும் ஒரே தெருவில் நடக்கக்கூடும். நிலையத்துக்கு நடந்து செல்லும் தொலைவில், ஆனால் அதன் நிழலும் ஓசையும் எட்டாத இடத்தில் மதிப்பு கூடும். பாதையை உரசி நிற்கும் வீடுகளுக்கு அது கூடாமலும் போகலாம். மன்ஹாட்டனின் மூன்றாம் அவென்யூ மேம்பால ரயில் 1955-இல் நிறுத்தப்பட்டுப் பாலம் பிரிக்கப்பட்டபின், தாழ்ந்த பழைய குடியிருப்புகள் இருந்த தெருவில் உயர்ந்த கட்டடங்கள் எழுந்தன. அதைக் காட்டி, மேம்பாலங்கள் எல்லாம் கேடு என்று வாதிடுவோர் உண்டு. ஆனால் சிகாகோவின் நடுநகரைச் சுற்றிச் செல்லும் 1897-ஆம் ஆண்டுப் பாலத்தையும் 1970-களில் இடிக்கத் திட்டமிட்டுப் பிறகு கைவிட்டார்கள்; இன்று அது இல்லாத நடுநகரை அங்கே யாரும் நினைத்துப் பார்ப்பதில்லை. மன்ஹாட்டனில் பாலம் போனபின் மதிப்பு உயர்ந்தது. பழைய வாடகைக்குக் குடியிருந்தவர்கள் எங்கே போனார்கள் என்பதையும் சேர்த்துக் கேட்க வேண்டும்.

கேள்வி: நிலையத்தையும் சுற்றியுள்ள கட்டடங்களையும் ஆகாய நடைபாதையால் இணைத்துவிட்டால் சாலையைக் கடக்கும் தொல்லையே தீர்ந்துவிடுமே?

பதில்: பாங்காக்கில் 1999-இல் மேம்பால ரயில் தொடங்கியபின் சியாம் நிலையத்திலிருந்து சிட்லோம் வரை பாதையின் அடியிலேயே நீண்ட நடைபாதை அமைத்தார்கள், வெயிலும் மழையும் படாமல் நடக்கலாம் என்பதால் மக்கள் விரும்பிப் பயன்படுத்துகிறார்கள். ஏற்கெனவே முதல் தளத்தில் நிற்பவருக்கு அது வசதி. தரையில் நிற்பவரை, எதிர்ப்புறம் உள்ள கடைக்குப் போக 7 மீட்டர் ஏறி இறங்கச் சொல்வது வசதி ஆகாது. ஆகாய நடைபாதை வந்தவுடன் கீழே இருந்த வரிக்கோட்டுக் கடவையை அகற்றி நடுவில் வேலி போட்டுவிடுகிறார்கள். அதை எதிர்க்க வேண்டும். மேலே ஒரு வழி வந்ததற்காகக் கீழே இருந்த வழியை அடைக்கக் கூடாது.

கேள்வி: எங்கள் பகுதியில் நிலையம் வரப்போகிறது, வரைபடத்தைப் பொதுமக்கள் பார்வைக்கு வைக்கப்போவதாகச் சொல்கிறார்கள். எங்களுக்குக் கட்டடக்கலை தெரியாது. எதைப் பார்த்துக் கேள்வி கேட்பது?

பதில்: அழகாகத் தீட்டிய வண்ணப்படத்தை ஒதுக்கிவிட்டுத் தரைத்தள வரைபடத்தைக் கேட்டு வாங்குங்கள். அதில் படிக்கட்டும் லிஃப்டும் நடைபாதையில் எங்கே இறங்குகின்றன என்று தேடிப்பாருங்கள். பெரும்பாலான தொல்லைகள் அங்கேதான் தொடங்குகின்றன: 3 மீட்டர் நடைபாதையில் இரண்டு மீட்டரைப் படிக்கட்டு எடுத்துக்கொண்டால், நடப்பவர் சாலையில் இறங்க வேண்டியதுதான். மீதி எவ்வளவு என்று அளவுகோலால் அளந்து கேளுங்கள். அடுத்து, பேருந்து எங்கே நிற்கும் என்று கேளுங்கள். வாசலிலிருந்து அது 200 மீட்டர் தள்ளியிருந்தால் ஏன் என்று விளக்கம் கேளுங்கள். சாலை சந்திப்பின் எல்லாப் பக்கங்களிலும் வாசல் உண்டா, பயணச்சீட்டு இல்லாதவர் நிலையத்தின் வழியாகச் சாலையைக் கடக்கலாமா, தூணடி இடத்துக்கு யார் பொறுப்பு, குப்பை அள்ளுவது எந்தத் துறை, விளக்குக் கட்டணம் யார் கணக்கில் என்று எழுத்தில் பதில் வாங்குங்கள். கடைசிக் கேள்வியைக் கேட்டதும் அங்கே வந்திருக்கும் அதிகாரிகள் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டால், அந்த விளக்குகள் எரியப்போவதில்லை என்று புரிந்துகொண்டு, அடுத்த கூட்டத்துக்கு மாநகராட்சி அதிகாரியையும் அழைக்கச் சொல்லி அங்கேயே மனுக் கொடுத்துவிட்டு வாருங்கள்.